கரண்ட் இல்லாத நேரத்தில் காலி செய்த தொட்டி: சாட்ஸ்வர்த் வீட்டு ஜக்கூசி, ஒரு நிகழ்வு ஆய்வு

இது 2023 ஜூலையில் தென்னாப்பிரிக்காவில், டர்பனின் சாட்ஸ்வர்த் பகுதியில் நடந்தது. வீட்டு முற்றத்தில் இருந்த வெந்நீர்த் தொட்டியைக் காலி செய்து, கழுவி, மறுபடி நிரப்ப வேண்டும். அவ்வளவுதான் வேலை. அதை இரண்டு தடவை செய்யவேண்டி வந்தது. முதல் தடவையில் பம்பு கெட்டது, கீழ்வீட்டுத் தோட்டத்துக்குள் தண்ணீர் புகுந்தது, எந்தக் கோளாறுக்காகத் தொட்டியைக் காலி செய்தார்களோ அது அப்படியே இருந்தது.

நான் பம்பு, நீச்சல்குளம், அதைச் சேர்ந்த மின்வேலை பார்ப்பவன். இரண்டாவது தடவைக்குத்தான் என்னைக் கூப்பிட்டார்கள். முதல் தடவை நடந்ததை இரண்டு வீட்டாரிடமும் கேட்டு எழுதியிருக்கிறேன். எழுதச் சம்மதம் தந்தார்கள், பெயர் மட்டும் வேண்டாம் என்றார்கள்.

பின்னணி

சாட்ஸ்வர்த் மேடும் பள்ளமுமான இடம். வடக்கே உம்ஹ்லதுசானா ஆறு, தெற்கே உம்லாஸ் ஆறு, நடுவில் குன்றுகள். 1960-களில் இனவாரிக் குடியிருப்புச் சட்டத்தின் பேரில் இந்தியர்களை இங்கே கொண்டுவந்து குடியேற்றியபோது, சரிவை வெட்டிப் படிப்படியாக வீடு கட்டினார்கள். ஒரு வீட்டின் முற்றம் முடிகிற இடத்தில் தடுப்புச் சுவர், சுவருக்கு அடியில் அடுத்த வீட்டின் பின்கட்டு. மேல்வீட்டில் ஒரு வாளித் தண்ணீர் கொட்டினாலும் கீழ்வீட்டுக்குத் தெரிந்துவிடும்.

மேல்வீட்டில் மூன்று தலைமுறை. தாத்தாவுக்கு எழுபதைத் தாண்டிவிட்டது, நன்றாகத் தமிழ் பேசுவார், சின்ன வயதில் தமிழ்ப் பள்ளிக்குப் போனதால் எழுதவும் வரும். மகளும் மருமகனும் பேசுவார்கள், படிக்க வராது. பேரப்பிள்ளைகள் தமிழில் கேட்டால் ஆங்கிலத்தில் பதில் சொல்வார்கள். இதையெல்லாம் ஏன் சொல்கிறேன் என்பது பின்னால் தெரியும்.

தொட்டி பழையது, ஐந்து பேர் உட்காரக்கூடியது, 1,100 லிட்டர் பிடிக்கும். தாத்தாவின் முழங்கால் வலிக்காக வாங்கியது. இங்கே எந்தக் கம்பெனித் தொட்டியானாலும் ஜக்கூசி என்றுதான் சொல்வோம், நானும் அப்படியே எழுதுகிறேன். 2 கிலோவாட் ஹீட்டர், ஒரே ஒரு பம்பு. கண்ட்ரோல் பெட்டியின் பழக்கம் ஒன்றை இப்போதே சொல்லிவிட வேண்டும்: மின்சாரம் போய்த் திரும்பி வந்தால், யாரும் பொத்தானை அழுத்தாமலேயே பம்பு தானாக ஓடத் தொடங்கும். பெரும்பாலான ஜக்கூசிகள் அப்படித்தான்.

தண்ணீர் கடைசியாக மாற்றியது முந்தைய தீபாவளிக்கு. எட்டு மாதத்துக்கு மேல் ஆகிவிட்டது. குளோரினுக்கு, நீச்சல்குளத்தில் மிதக்கவிடும் வில்லைகளையே இதிலும் மிதக்கவிட்டிருந்தார்கள்.

அறிகுறிகள்

ஜூன் கடைசியில் பள்ளிக் குளிர்கால விடுமுறை தொடங்கியது. சொந்தக்காரப் பிள்ளைகளும் வந்து சேர, தினம் ஐந்தாறு பேர் தொட்டியில் இறங்கினார்கள். ஒரு வாரத்தில் தண்ணீர் மங்கிவிட்டது. தண்ணீரைப் பீய்ச்சும் ஜெட்டைப் போட்டால் சோப்பு நுரை போல எழும்பி நின்றது. தாத்தா குளோரின் அட்டையை நனைத்துப் பார்த்தார், சரியான அளவு என்றே நிறம் காட்டியது.

அதற்கடுத்த இரண்டு நாளில் இரண்டு பேரப்பிள்ளைகளுக்கும் மகளுக்கும் உடம்பில் சிவப்புச் சிவப்பாகப் பொரி கிளம்பியது. நீச்சலுடை மூடியிருந்த இடத்தில்தான் அதிகம். ஜூலைக் குளிரில் வேர்க்குரு வராதே என்று மகளுக்குச் சந்தேகம். கிளினிக்கில் மருத்துவர் பார்த்ததும் கேட்ட முதல் கேள்வி, “வீட்டில் ஜக்கூசி இருக்கிறதா?” மயிர்க்கால்களில் சூடோமோனாஸ் என்ற பாக்டீரியா புகுந்து வருகிற பொரி இது, வெந்நீர்த் தொட்டியில் குளித்தவர்களுக்கு வருவது வழக்கம், பெரும்பாலும் தானே ஆறிவிடும், தொட்டியைக் கவனியுங்கள் என்று சொல்லி அனுப்பினார். ஆய்வுக்கூடச் சோதனை எதுவும் செய்யவில்லை.

தொட்டியைக் காலி செய்வது என்று அன்று மாலையே முடிவானது.

முதல் தடவை: ஜூலை இரண்டாவது சனிக்கிழமை

லோட் ஷெட்டிங், அதாவது அட்டவணை போட்டுச் செய்யும் மின்வெட்டு, தலைவிரித்தாடிய வருடம் அது. அன்று அவர்கள் பகுதிக்குக் காலை 10 முதல் 12 வரை கரண்ட் இல்லை என்று அட்டவணை சொன்னது. தாத்தாவும் மருமகனும் போட்ட கணக்கு இது: மின்சாரமும் தண்ணீரும் சேர்ந்த வேலை, கரண்ட் இல்லாத நேரத்தில் செய்தால் ஆபத்தே இல்லை. கேட்பதற்குச் சரியாகத்தான் இருந்தது. அதனால் டிபி போர்டில், அதாவது வீட்டின் மின்பலகையில், ஜக்கூசியின் பிரேக்கரை இறக்கவில்லை. தொட்டிக்குப் பக்கத்துச் சுவரில், தொட்டிக்கு மட்டும் கரண்டைத் துண்டிக்கும் சுவிட்சான ஐசோலேட்டரையும் தொடவில்லை. கரண்டே இல்லாதபோது எதை அணைப்பது?

முந்தின இரவு, கிருமி சாகட்டும் என்று மருமகன் இரண்டு கை குளோரின் தூளை அள்ளிப் போட்டிருந்தார்.

பத்து மணிக்குத் தொட்டியின் அடியில் இருக்கும் வடிகுழாயில் ஹோஸ் பைப்பை மாட்டி, மறுமுனையைத் தடுப்புச் சுவரின் ஓரத்தில் போட்டார்கள். ஹோஸ் மெல்லியது, பம்பு எதுவும் இல்லை, தண்ணீர் தானாக வடிய வேண்டும். நிமிடத்துக்கு 8 லிட்டர் போனால் பெரிது. அந்தக் கணக்கில் 1,100 லிட்டர் வடிய இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகும். வடிய வடிய அழுத்தம் குறைவதால் கடைசிப் பகுதி இன்னும் மெதுவாகும். கரண்ட் இல்லாத நேரமோ இரண்டே மணி. இந்த இரண்டு எண்களையும் அன்று யாரும் பக்கத்தில் வைத்துப் பார்க்கவில்லை.

பதினொன்றரைக்குக் கீழ்வீட்டு ஆயா கூப்பிட்டார். சுவரில் நீர் வடியும் துளைகள் வழியாகத் தண்ணீர் கொட்டி, அவருடைய பாத்தி முழுவதும் பரவி, பின்வாசல் படி வரை வந்துவிட்டது. கொத்தமல்லியை அப்போதுதான் விதைத்திருந்தார், அது அரித்துப் போனது. முளைத்திருந்த கீரையில் குளோரின் பட்டு, மறுநாள் ஓரமெல்லாம் வெளுத்தது. மதும்பிக்கு, அதாவது நம் ஊர்ச் சேப்பங்கிழங்குக்கு, ஒன்றும் ஆகவில்லை.

ஆயா பயந்தது செடிக்காக இல்லை. 2022 ஏப்ரல் மழையில் இந்த மாகாணத்தில் 400-க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள், சரிவில் இருந்த வீடுகள் மண்ணோடு போயின. ஆயா வீட்டுப் பக்கச் சுவர் ஒன்றும் அந்த மழையில்தான் சரிந்தது. பிறகு என்னிடம் பேசும்போது சொன்னார்: “தண்ணி வருதுன்னு நான் பயப்படல தம்பி. பின்னாடியே மண்ணு வருமோன்னுதான் பயந்தேன்.” அவர் பயந்ததில் தப்பே இல்லை. 1,100 லிட்டர் என்பது 1,100 கிலோ. அதைத் தடுப்புச் சுவரின் முதுகில் ஊற்றினால் மண் ஊறும், கனக்கும், சுவரைத் தள்ளும்.

மேல்வீட்டார் ஹோஸை இழுத்துப் போட்டுவிட்டு எல்லோருமாகக் கீழே ஓடினார்கள். மண்வெட்டியால் வாய்க்கால் வெட்டி, வாசற்படியைத் துடைத்து, ஆயாவைச் சமாதானப்படுத்திக்கொண்டிருந்தார்கள். ஹோஸ் முற்றத்தில் கிடந்தபடி வடிந்துகொண்டே இருந்தது. 12 மணி தாண்டிச் சில நிமிடங்களில் கரண்ட் வந்தது. மேலே ஆள் இல்லை. தொட்டியில் முழங்கால் அளவு கூடத் தண்ணீர் இல்லை, பம்பு உறிஞ்சும் வாய் காற்றில் இருந்தது. பம்பு ஓடத் தொடங்கியது.

எவ்வளவு நேரம் ஓடியது என்று யாருக்கும் சரியாகத் தெரியாது. கால் மணிக்குக் குறையாது என்பது மகளின் கணக்கு. மேலே வந்தபோது கரகரவென்று சத்தம், கண்ட்ரோல் பெட்டியில் தண்ணீர் ஓட்டம் இல்லை என்ற குறி. ஹீட்டரைப் பிரஷர் சுவிட்ச் காப்பாற்றிவிட்டது, தண்ணீர் ஓடாவிட்டால் அது ஹீட்டரை வேலை செய்ய விடாது. இந்தப் பழைய மாடலில் பம்புக்கு அந்த மாதிரிக் காவல் கிடையாது.

அதற்குப் பிறகு பிரேக்கரை இறக்கினார்கள். தொட்டியின் உட்புறத்தைத் துணியால் பளபளவென்று துடைத்து, ஃபில்டரைக் குழாயடியில் அலசி மாட்டி, அன்று மாலையே நிரப்பிச் சூடேற்றினார்கள்.

ஒன்பது நாள் கழித்து

முதல் மூன்று நாள் தண்ணீர் கண்ணாடி மாதிரி இருந்ததாம். நான்காம் நாள் ஜெட்டைப் போட்டபோது பழுப்பாக ஏதோ துணுக்குகள் மிதந்தன. ஆறாம் நாள் சின்னப் பேத்திக்கு மறுபடி பொரி. ஒன்பதாம் நாள் இரவு எர்த் லீக்கேஜ், அதாவது கரண்ட் கசிந்தால் தானாக இணைப்பைத் துண்டிக்கும் சுவிட்ச், விழுந்தது. தூக்கினால் நிற்கவில்லை. வீட்டு பிளக்கு, விளக்கு எல்லாம் அதே எர்த் லீக்கேஜில் இருந்ததால் ஃபிரிஜ்ஜும் விளக்கும் போயின. லோட் ஷெட்டிங் என்று நினைத்து இரண்டு மணி நேரம் காத்திருந்தார்கள். பக்கத்து வீட்டில் விளக்கு எரிவதைப் பார்த்த பிறகுதான் எனக்கு ஃபோன் வந்தது.

நான் பார்த்தது

ஜக்கூசியின் பிரேக்கரை இறக்கியதும் எர்த் லீக்கேஜ் நின்றுவிட்டது, ஆகவே கோளாறு அதில்தான். பக்கப் பலகையைக் கழற்றினேன். பம்புக்கும் மோட்டாருக்கும் நடுவிலிருந்து சொட்டுச் சொட்டாகத் தண்ணீர், மோட்டாரின் முகத்தில் வெள்ளைத் தடம், கீழே துருக் குட்டை. கரண்ட் கசிகிறதா என்று சோதிக்கும் மெகர் வைத்துப் பார்த்ததில் காயிலுக்கும் எர்த்துக்கும் நடுவே இருக்க வேண்டிய தடுப்பு மிகவும் இறங்கியிருந்தது.

பம்பின் தண்டைச் சுற்றி ஒரு சீல் உண்டு. ஒரு பக்கம் கார்பன், மறுபக்கம் செராமிக், இரண்டும் ஒன்றோடொன்று உரசிச் சுழலும். அந்த உரசலைக் குளிரவைப்பது பம்புக்குள் ஓடும் தண்ணீர்தான். தண்ணீர் இல்லாமல் ஓடினால் சில நிமிடத்தில் சூடேறி முகம் வெடிக்கும். அன்றே ஒழுகாது. சில நாள் கழித்துச் சொட்டும், சொட்டு மோட்டாருக்குள் போகும், 30 மில்லி ஆம்பியர் கசிந்ததும் எர்த் லீக்கேஜ் விழும். அது விழுந்தது நல்லதுதான். விழாமல் இருந்திருந்தால், அந்தத் தண்ணீரில்தான் பிள்ளைகள் உட்கார்ந்திருப்பார்கள்.

அடுத்தது தண்ணீர். புதிதாக நிரப்பி ஒன்பதே நாள், அதற்குள் ஜெட் வாய்க்குள் விரலை விட்டால் வழுவழுவென்று இருந்தது. இதுதான் பொரிக்குக் காரணம் என்று நினைக்கிறேன். தொட்டியின் சுவர் கண்ணுக்குத் தெரிகிறது, துடைத்துவிடுகிறோம். ஆனால் தொட்டிக்குப் பின்னால் சுற்றிச் சுற்றிப் போகிற குழாய்களில் எப்போதும் கொஞ்சம் வெதுவெதுப்பான தண்ணீர் தங்கும், உடம்பு எண்ணெயும் அழுக்கும் சேரும், அதில் பாக்டீரியா பாசி மாதிரி ஒரு படலமாகப் பிடித்துக்கொள்ளும். படலத்துக்குள் குளோரின் எளிதில் நுழையாது. புதுத் தண்ணீர் ஊற்றியதும் படலத்திலிருந்து கிருமி மறுபடி தண்ணீரில் இறங்கும். முதல் தடவை அவர்கள் தண்ணீரை மாற்றினார்கள், குழாயைக் கழுவவில்லை.

அப்படியானால் அட்டை ஏன் சரியென்று காட்டியது? பழைய தண்ணீர் ஒரு பாட்டிலில் இருந்தது. பேரன் பள்ளிப் பாடத்துக்காக எடுத்து வைத்திருந்தானாம், அவன் வாழ்க. அதில் ஸ்டெபிலைசர், அதாவது சயனூரிக் அமிலம், 100 பிபிஎம்முக்கு (பத்து லட்சத்தில் 100 பங்குக்கு) மேல் காட்டியது. மிதக்கும் வில்லையில் குளோரினோடு இதுவும் சேர்ந்தே வரும். குளோரின் செலவாகிவிடும், இது செலவாகாது, மாதக்கணக்கில் சேரும். நீச்சல்குளத்தில் வெயில் குளோரினை அழிக்காமல் காக்க இது கொஞ்சம் வேண்டும். மூடி போட்ட வெந்நீர்த் தொட்டியில் அந்தத் தேவை இல்லை. அளவு ஏறினால் குளோரினைக் கட்டிப்போட்டுவிடும். அட்டை 3 பிபிஎம் என்று காட்டும், கிருமியைக் கொல்வதில் அந்த மூன்றுக்கு வேகம் இருக்காது. தாத்தா அட்டையைச் சரியாகத்தான் படித்தார்.

எடுத்த முடிவுகள்

தொட்டியையே எடுத்துவிடலாம் என்பது மகளின் கருத்து. தாத்தாவின் முழங்கால் அதற்கு எதிர்வாதம். எனக்கு அதில் சொல்ல ஒன்றும் இல்லை, ஆனால் தாத்தாவிடம் ஒன்று சொன்னேன். பொரி தோலோடு போகும். லீஜியோனெல்லா என்ற பாக்டீரியா அப்படியில்லை, ஜெட்டிலிருந்து எழும் நீர்த்துளியை மூச்சில் இழுத்தாலே நுரையீரலுக்குப் போகும், வயதானவர்களுக்கு ஆபத்து. 1999-இல் நெதர்லாந்தில் போவன்கார்ஸ்பெல் மலர்க் கண்காட்சியில் விற்பனைக்காக ஓடவிட்டிருந்த வெந்நீர்த் தொட்டி ஒன்றால் இந்த நோய் பரவி 30 பேர் அளவில் இறந்தார்கள். அந்தத் தொட்டிக்குள் அவர்கள் குளிக்கவில்லை, பக்கமாக நடந்துபோனவர்கள். தாத்தா கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, “சரி, நீங்க சொல்றபடி செய்வோம்” என்றார்.

முதல் முடிவு, குழாய் கழுவும் திரவத்தைப் பழைய தண்ணீரிலேயே கலந்து ஓடவிட்டு, அதன்பின் காலி செய்வது. புதுத் தண்ணீரில் போட்டால் அந்தத் தண்ணீரும் வீண்.

ஆனால் அதற்குப் பம்பு ஓட வேண்டும். நல்ல வேளையாகப் பம்பின் இரண்டு பக்கமும் அடைக்கும் வால்வு இருந்தது. அவற்றை மூடிக்கொண்டு பம்பை மட்டும் கழற்றினேன். சீலும் பேரிங்கும் மாற்றி, காயிலை உலர்த்தி, மெகர் சரியென்று காட்டிய பிறகு மாட்டினேன். வால்வு இல்லாத தொட்டியாக இருந்திருந்தால் சீலுக்காக ஒரு தடவை, குழாய்க்காக ஒரு தடவை என்று இரண்டு முறை காலி செய்திருக்க வேண்டும்.

தண்ணீர் எங்கே போகும் என்பதில்தான் அதிக நேரம் பேசினோம். சுவர் ஓரம் கூடவே கூடாது. தெருவில் இருக்கும் மழைநீர் வடிகாலும் வேண்டாம் என்றேன், அது சுத்திகரிப்பு எதுவும் இல்லாமல் நேரே ஆற்றில் போய் விழும். செடிக்கும் ஆகாது, திரவமும் குளோரினும் கலந்த தண்ணீர். குளியலறைத் தண்ணீர் விழுந்து கழிவுநீர்க் குழாய்க்குப் போகிற வாய், கல்லி என்போம், முற்றத்திலேயே இருக்கிறது. அதில் விடுவது, கல்லி வழியாதபடி ஓட்டத்தைக் குறைத்து விடுவது என்று முடிவானது.

நேரத்துக்கு, கரண்ட் இருக்கும் வேளையாகப் பார்த்தோம். முதல் தடவைக்கு நேர் எதிர். என்னுடைய முழுகு பம்புக்கும் ஈரம் உறிஞ்சும் வாக்குவத்துக்கும் கரண்ட் வேண்டும். முழுகு பம்பு வைத்தால் இரண்டரை மணி வேலை முக்கால் மணியில் முடியும். ஜக்கூசியின் பிரேக்கரும் ஐசோலேட்டரும் மட்டும் இறங்கியிருக்கும், நிரம்பும் வரை ஏறாது.

இரண்டாவது தடவை

வியாழக்கிழமை மாலை ஃபில்டரை வெளியே எடுத்துவிட்டு, திரவத்தை ஊற்றி, எல்லா ஜெட்டும் முழுவேகத்தில் அரை மணி ஓடவிட்டோம். முதல் ஐந்து நிமிடம் வெறும் நுரை. அப்புறம் பாலாடை மாதிரி, ஆனால் சாம்பலும் பழுப்புமாக, துண்டு துண்டாக வந்தது. துடைத்து மாளவில்லை. துடைத்த பிறகும் நீர்மட்டக் கோட்டில் மறுபடி படிந்தது. மகள் ஒரு தடவை வந்து பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டார். இரவு அப்படியே ஊறவிட்டு, காலையில் இன்னொரு அரை மணி ஓட்டினோம். அப்போது வந்தது பாதிதான்.

வெள்ளிக்கிழமை காலை பிரேக்கரை இறக்கினேன், ஐசோலேட்டரையும் இறக்கினேன். பிரேக்கர் மேல் ஒரு அட்டை ஒட்ட வேண்டும் என்றேன். தாத்தா உற்சாகமாகத் தடித்த பேனாவால் “தொடாதே” என்று தமிழில் எழுதி ஒட்டினார். அழகான கையெழுத்து. எனக்கும் பிடித்திருந்தது, சரி என்று விட்டுவிட்டேன்.

பதினொரு மணிக்கு மருமகன் வேலையிலிருந்து சீக்கிரம் வந்தார். போர்டில் ஒரு பிரேக்கர் இறங்கியிருக்கிறது. லோட் ஷெட்டிங் முடிந்து கரண்ட் வரும்போது பிரேக்கர் விழுவதும் அதைத் தூக்கிவிடுவதும் அந்த வருடம் இங்கே எல்லா வீட்டிலும் அன்றாடம் நடந்ததுதான். மாமனார் ஏதோ எழுதி ஒட்டியிருக்கிறார், சாமி சம்பந்தமாக இருக்கும் என்று நினைத்தாராம். தூக்கிவிட்டார்.

வெளியே ஐசோலேட்டர் இறங்கியிருந்ததால் ஒன்றும் நடக்கவில்லை. அப்போது தொட்டி காலி, என் கை பம்பின் நட்டில் இருந்தது. உள்ளே போனபோதுதான் பிரேக்கர் ஏறியிருப்பதைப் பார்த்தேன். தாத்தா மருமகனைத் திட்ட ஆரம்பித்தார், நான் நிறுத்தினேன். அந்த வீட்டில் தமிழ் படிக்கத் தெரிந்தவர் தாத்தா ஒருவர்தான், அவர் படிக்க அந்த அட்டை தேவையும் இல்லை. அதை யோசித்திருக்க வேண்டியவன் நான். பூட்டு மாட்டியிருக்க வேண்டியவனும் நான்தான், வண்டியில் பூட்டு இருந்தது.

மற்ற வேலைகள் சுருக்கமாக நடந்தன. ஒவ்வொரு ஜெட் வாயிலும் வாக்குவம் வைத்துக் குழாயில் தங்கியதை இழுத்தோம், இரண்டு வாளிக்குமேல் வந்தது. முதல் தடவை அந்த இரண்டு வாளியும் உள்ளேயே இருந்திருக்கிறது. உட்புறத்தை நீர் கலந்த வினிகரால் துடைத்து, ஜோஜோ தொட்டி, அதாவது வீட்டில் தண்ணீர் சேமித்து வைக்கும் பிளாஸ்டிக் தொட்டி, அதன் தண்ணீரால் இரண்டு முறை அலசினோம். ஃபில்டர் இரண்டு வருடப் பழசு, மாற்றிவிட்டோம். மூடியின் அடிப்பக்கம் கறுப்பாகப் பூஞ்சை பிடித்திருந்தது, அதையும் தேய்த்தோம். மூடியை மறந்துவிடுபவர்கள் அதிகம், கழுவிய தொட்டி மேல் கழுவாத மூடியைப் போட்டு மூடுவார்கள்.

நிரப்பியதும் சூடேற்றியதும்

நகராட்சித் தண்ணீர் சொல்லாமல் நிற்கிற நாட்கள் உண்டு என்பதால், ஜோஜோ தொட்டியில் 1,000 லிட்டருக்குமேல் மிச்சம் இருக்கிறது என்று பார்த்துக்கொண்டுதான் குழாயைத் திறந்தோம். ஹோஸைத் தொட்டிக்குள் போடாமல் ஃபில்டர் இருக்கும் குழிக்குள் விட்டோம். அப்படி விட்டால் தண்ணீர் கீழிருந்து குழாய்களுக்குள் ஏறிக் காற்றைத் தள்ளிக்கொண்டு வரும். அப்படியும் கொஞ்சம் காற்று மாட்டிக்கொண்டது. பம்பு உறுமியது, ஜெட்டில் தண்ணீர் வரவில்லை. மறுபடி எல்லாவற்றையும் அணைத்து, பம்பின் மேல்பக்க யூனியன் நட்டைக் கால் சுற்றுத் தளர்த்தினேன். உஸ் என்று காற்று போய்த் தண்ணீர் சொட்டியதும் இறுக்கினேன். அதன்பின் ஓடியது.

டர்பன் குழாய்த் தண்ணீர் மென்மையானது, அதில் நுரை சீக்கிரம் எழும்பும். கால்சியம் கொஞ்சம் சேர்த்தோம். முதலில் காரத்தன்மையை 100 பிபிஎம் அருகே கொண்டுவந்து, பிறகு பிஎச் 7.4, கடைசியில் குளோரின். வில்லை இனி இல்லை, ஸ்டெபிலைசர் கலக்காத குளோரின்தான், 3 பிபிஎம்முக்குக் கீழே போகவிடாமல்.

சூடேற எவ்வளவு நேரம் என்று பேரன் கேட்டான். குழாயில் 18 டிகிரி, வேண்டியது 38. 1,100 லிட்டரை 20 டிகிரி ஏற்ற ஏறக்குறைய 26 யூனிட், 2 கிலோவாட் ஹீட்டருக்கு 13 மணி நேரம். இரவில் ஒரு லோட் ஷெட்டிங் வந்தது, குளிர் வேறு. சனிக்கிழமை மதியம்தான் 38-ஐத் தொட்டது. ப்ரீபெய்ட் மீட்டரில் யூனிட் இறங்குவதைத் தாத்தா அடிக்கடி போய்ப் பார்த்துவிட்டு வந்தார்.

பிறகு

அடுத்த மூன்று மாதத்தில் யாருக்கும் பொரி வரவில்லை. சீல் ஒழுகவில்லை, எர்த் லீக்கேஜும் விழவில்லை. தடுப்புச் சுவரில் இரண்டு இடத்தில் பழைய விரிசல் இருப்பதைக் கீழே போய்ப் பார்த்தபோது கவனித்தேன். அது என் வேலை இல்லை, ஆனால் இரண்டு வீட்டாரிடமும் சொன்னேன். பாதிப் பாதிச் செலவில் ஒரு கட்டுமானக்காரரை வைத்துப் பூசி, அடைபட்டிருந்த நீர்த்துளைகளையும் திறந்துவிட்டார்கள். கொத்தமல்லி விதையும் கீரை விதையும் மேல்வீட்டார் வாங்கிக் கொடுத்தார்கள். அந்தச் சனிக்கிழமைக்கு அது ஈடாகிவிட்டதாக ஆயா ஒப்புக்கொள்ளவில்லை.

மாற்றிச் செய்வது

அவர்கள் மாற்றியவை: எத்தனை நாளுக்கு ஒருமுறை காலி செய்வது என்பதற்கு இப்போது ஒரு கணக்கு வைத்திருக்கிறார்கள். தொட்டியின் லிட்டரை 11-ஆல் வகுத்து, வருவதைத் தினம் இறங்கும் ஆள் எண்ணிக்கையால் வகுத்தால் நாள் கிடைக்கும். இரண்டு பேர் என்றால் 50 நாள், விடுமுறையில் ஐந்து பேர் என்றால் 20. தாத்தா ஒருவர் மட்டும் இறங்கும் மாதங்களில் மூன்று மாதம் தாங்கும். காலி செய்யும் முன் மாலை குழாய் கழுவும் திரவம், குளோரின் எதுவும் கூடுதலாகக் கிடையாது.

நான் மாற்றியது: பிரேக்கருக்குப் பூட்டு, சாவி என் பையில். அட்டை மூன்று மொழியில், மேலே மின்னல் படம். லோட் ஷெட்டிங் நேரத்தில் தொட்டியைத் திறக்கச் சொல்லி யாராவது கூப்பிட்டால், முதலில் ஐசோலேட்டரை இறக்கிவிட்டு எனக்கு ஒரு படம் அனுப்புங்கள் என்கிறேன். ஏன் என்று கேட்டால் இந்தப் பம்பின் வெடித்த சீலைக் காட்டுகிறேன், வண்டியில்தான் கிடக்கிறது.

இன்னொன்றும் செய்திருக்க வேண்டும், செய்யவில்லை. வேலை தொடங்கும் முன் நான் ஒருமுறை கீழே போய் ஆயாவிடம் சொல்லியிருக்கலாம். தண்ணீர் இந்தத் தடவை அவர் பக்கம் வராது என்பது எனக்குத் தெரியும், அவருக்கு எப்படித் தெரியும்? பம்பு சத்தம் கேட்டதும் அவர் பின்வாசலில் நாற்காலி போட்டுச் சுவரையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார் என்று மறுநாள்தான் கேள்விப்பட்டேன்.

அக்டோபரில் மூன்றாவது தடவை காலி செய்தபோது முதலில் அவரிடம் போனேன். இவ்வளவு தண்ணீரையும் கல்லியில் விடுவது பாவம், மதும்பிக்கு விடலாமே என்றார். திரவம் கலந்தது, ஆகாது என்றேன். அவர் நம்பவில்லை. கடைசியாக அலசிய தண்ணீரில் எட்டு வாளி இறக்கிக் கொடுத்தோம்.